நிராகரிக்கப்பட்ட விண்ணப்பமும் நீதிமன்றத்தின் வாசலும்



பாலக்கரை, எடத்தெரு, வரகனேரி, சங்கிலியாண்டபுரம், மேலப்புதூர் என்று நம் பகுதியின் எந்தத் தெருவுக்குப் போனாலும், அரசு வேலைக்குப் படித்துக்கொண்டிருக்கும் பிள்ளைகளைப் பார்க்கலாம். பகலில் ஒரு கடையிலோ தனியார் பள்ளியிலோ வேலை, மாலையில் பயிற்சி வகுப்பு, இரவில் பொது அறிவுப் புத்தகம் என்று அவர்களின் ஆண்டுகள் நகர்கின்றன. தேர்வில் தோற்றால் அடுத்த முறை எழுதலாம் என்று மனதைத் தேற்றிக்கொள்ளலாம். ஆனால் தேர்வில் வென்ற பிறகு, அல்லது தேர்வு எழுதவே விடாமல், "உங்கள் விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டது" என்று ஒரு வரி வந்தால் அந்தப் பிள்ளை யாரிடம் போவது?

இந்தக் கேள்விக்கு நம்மிடையே இரண்டு பதில்கள் உலவுகின்றன. "கோர்ட்டுக்குப் போனால் வேலையை வாங்கிவிடலாம்" என்பது ஒன்று. "தேர்வாணையத்தை எதிர்த்து யாராலும் ஒன்றும் செய்ய முடியாது" என்பது மற்றொன்று. இரண்டுமே தவறு. முதல் பதிலை நம்பியவர் பணத்தை இழக்கிறார். இரண்டாவதை நம்பியவர் உரிமையை இழக்கிறார். உண்மை எங்கே இருக்கிறது என்பதை இன்று சற்று நிதானமாகச் சிந்திப்போம்.

நீதிமன்றம் எதைப் பார்க்கிறது?

அரசுப் பணிக்குத் தகுதியானவரைத் தேர்ந்தெடுப்பது நீதிமன்றத்தின் வேலை அன்று. அதற்கென்றே தேர்வாணையங்கள் உள்ளன. இந்திய மாகாணங்களிலேயே முதன்முதலாக இத்தகைய ஆணையம் 1929-இல் சென்னை மாகாணத்தில்தான் அமைந்தது. இன்றைய தமிழ்நாடு அரசுப் பணியாளர் தேர்வாணையம் அதன் வழிவந்ததே. பரிந்துரையும் கைச்செல்வாக்கும் இல்லாமல், திறமையை மட்டும் பார்த்து ஆள் எடுக்க வேண்டும் என்பதே இந்த ஏற்பாட்டின் நோக்கம்.

ஆனால் அந்த ஆணையமும் சட்டத்துக்குக் கட்டுப்பட்டதுதான். அரசமைப்புச் சட்டத்தின் 14-ஆம் பிரிவு எல்லாரையும் சமமாக நடத்தச் சொல்கிறது. 16-ஆம் பிரிவு அரசு வேலையில் சம வாய்ப்பைத் தருகிறது. இவை மீறப்பட்டதாகக் கருதும் எவரும் 226-ஆம் பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம். அங்கே நீதிபதிகள் கேட்பது, "இவருக்கு வேலை கொடுக்கலாமா?" என்ற கேள்வியை அன்று, "இவரை நிராகரித்த முறை சரியா?" என்ற கேள்வியை. முடிவு எடுக்கப்பட்ட விதத்தைத்தான் நீதிமன்றம் சோதிக்கும், முடிவைத் தானே எடுக்காது என்பதை உச்ச நீதிமன்றம் 1994-இல் டாட்டா செல்லுலர் வழக்கில் தெளிவாக்கியது. அதற்கு முன்பே, 1991-இல், தேர்வானோர் பட்டியலில் பெயர் வந்துவிட்டதாலேயே ஒருவருக்கு வேலை பெறும் முழு உரிமை வந்துவிடாது என்று ஓர் அரசியல் சாசன அமர்வு கூறியது. ஆனால் அதே தீர்ப்பு, அதற்காக அரசு தன் விருப்பம்போல் நடந்துகொள்ளவும் கூடாது என்று சேர்த்தே சொன்னது. இந்த இரண்டு வாக்கியங்களுக்கும் நடுவில்தான் நிராகரிக்கப்பட்ட ஒவ்வொரு விண்ணப்பத்தின் கதையும் நடக்கிறது.

இரண்டு நீதிபதிகள், இரண்டு தீர்ப்புகள்

பீகாரில் 2017-இல் போலீஸ் காவலர் பணிக்கு அறிவிப்பு வந்தது. ஒரு சிற்றூரைச் சேர்ந்த ஏழை இளைஞர் ஒருவர் கணினி மையம் ஒன்றின் உதவியோடு இணையத்தில் விண்ணப்பித்தார். எழுத்துத் தேர்வில் தேறினார். உடல்திறன் தேர்விலும் தேறினார். ஆனால் 2018 ஜூனில் இறுதி முடிவு வந்தபோது அவர் தோல்வி என்று அறிவிக்கப்பட்டார். காரணம், சான்றிதழில் அவருடைய பிறந்த நாள் டிசம்பர் 18. விண்ணப்பத்திலோ டிசம்பர் 8 என்று பதிவாகியிருந்தது. "18" என்பதில் "1" விடுபட்டுப்போயிருந்தது! ஆண்டு, மாதம் எல்லாம் சரி. எந்தத் தேதியை எடுத்துக்கொண்டாலும் அவர் வயது வரம்புக்குள்தான் இருந்தார். பாட்னா உயர் நீதிமன்றம் அவருக்கு உதவவில்லை. 2024 ஜனவரி 2 அன்று உச்ச நீதிமன்றத்தில் நீதிபதிகள் ஜே.கே. மகேஸ்வரி, கே.வி. விசுவநாதன் ஆகியோர், இது அற்பப் பிழை, இதனால் அவருக்கு எந்த ஆதாயமும் இல்லை, தேர்வில் எந்தப் பாதிப்பும் இல்லை என்று கூறினர். காலியிடம் இல்லாமற்போனாலும் அவருக்குப் பணி ஆணை தர வேண்டும் என்று உத்தரவிட்டனர்.

இதைப் படித்ததும், "பிழை சிறிதென்றால் நீதிமன்றம் மன்னிக்கும்" என்று நாம் முடிவுகட்டிவிடக் கூடாது. ஏனெனில் இதே இரண்டு நீதிபதிகள், அதற்குச் சில மாதங்களுக்கு முன், 2023 அக்டோபரில் வேறொரு வழக்கில் விண்ணப்பதாரர்களைத் திருப்பி அனுப்பினார்கள். மத்திய அரசின் குடிமைப் பணித் தேர்வில், பொருளாதாரத்தில் நலிந்த பிரிவினருக்கான இடஒதுக்கீடு கேட்டவர்கள் அவர்கள். வருமான, சொத்துச் சான்றிதழ் 2022 பிப்ரவரி 22-க்குள், குறித்த படிவத்தில் இருக்க வேண்டும் என்பது விதி. அந்த விதியை அவர்கள் நிறைவு செய்யவில்லை. அதனால் நிராகரிப்பு சரி என்று தீர்ப்பானது.

ஒரே நீதிபதிகள் ஏன் இப்படி மாறுபட்ட தீர்ப்புத் தந்தார்கள்? கூர்ந்து பார்த்தால் இதில் முரண்பாடு இல்லை. பீகார் இளைஞர் கேட்டது, ஏற்கெனவே கையில் இருந்த உண்மையைச் சரியாக எழுதிக்கொள்ளும் உரிமை. மற்றவர்கள் கேட்டது, ஒரு தனிச் சலுகையை அதற்குரிய நிபந்தனையை நிறைவேற்றாமலே பெறும் உரிமை. முதலாவது எழுத்துப் பிழை. இரண்டாவது தகுதி பற்றிய கேள்வி. நம் பிள்ளைகளின் விண்ணப்பம் நிராகரிக்கப்படும்போது நாம் முதலில் கேட்டுக்கொள்ள வேண்டியது இதுதான்: தவறியது எழுத்தா, தகுதியா?

பென்சில் கோட்டின் பின்னால்

தமிழ்நாட்டிலேயே நடந்த ஒரு வழக்கையும் பார்ப்போம். உரிமையியல் நீதிபதி பதவிக்கான தேர்வை எழுதிய ஒரு பெண், விடைத்தாளில் பென்சிலைப் பயன்படுத்தினார். பென்சில் கூடாது என்று தேர்வாணையத்தின் அறிவுரை இருந்தது. விடைத்தாள் செல்லாததாக்கப்பட்டது. சென்னை உயர் நீதிமன்றம் அவருக்கு நிவாரணம் தந்தது. ஆனால் 2019-இல் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. தேர்வாணையத்தின் அறிவுரைகள் கட்டாயமானவை, உயர் நீதிமன்றமேயானாலும் அவற்றைத் தளர்த்த முடியாது என்று கூறிவிட்டது.

கேட்டவுடன் நம் மனம் வலிக்கிறது. ஒரு பென்சில் கோட்டுக்காக ஒரு பதவியா? ஆனால் இந்த விதியின் பின்னணியை அறிந்தால் நம் கோபம் சற்று அடங்கும். 2000-01-ஆம் ஆண்டுக்கான குரூப் 1 தேர்வில் தேர்வாகிப் பல ஆண்டுகளாக உயர் பதவிகளில் இருந்த 83 பேரின் தேர்வை 2011-இல் சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. 2014-இல் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது. விடைத்தாள்களில் பல வண்ண மையும் பென்சிலும் விதிக்கு மாறான குறிகளும் இருந்தன என்பதே குற்றச்சாட்டு. விடைத்தாளில் ஒரு குறி இருந்தால், திருத்துபவர் அது யாருடைய தாள் என்று கண்டுகொள்ள முடியும் அல்லவா? வழக்குத் தொடுத்தவரும் அந்தத் தேர்வில் வெற்றி பெறாமற்போன ஒருவர்தாம். அதாவது, விதியை மென்மையாக்கு என்று கேட்டும் நீதிமன்றம் போகிறோம். விதியைக் கடுமையாக்கு என்று கேட்டும் போகிறோம். அந்த 83 பேருடைய வழக்கையும் இந்தப் பென்சில் வழக்கையும் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால்தான் நீதிபதிகளின் சங்கடம் நமக்கு விளங்கும்.

கண்ணுக்குத் தெரியாத ஒருவர்

நிராகரிக்கப்பட்டவர் நீதிமன்றத்தில் நிற்கிறார். அவர் முகம் நமக்குத் தெரிகிறது. அவர் கண்ணீர் நம்மைத் தொடுகிறது. ஆனால் அங்கே நிற்காத இன்னொருவரும் உண்டு. "இரண்டாம் வகுப்பில் பட்டம் வேண்டும்" என்ற அறிவிப்பைப் படித்துவிட்டு, "எனக்கு அது இல்லையே" என்று விண்ணப்பிக்காமலே விட்டவர் அவர். ஆந்திராவின் விசயநகரம் மாவட்டத்தில் உறைவிடப் பள்ளி ஆசிரியர் பணி பற்றிய வழக்கில், 1990-இல் உச்ச நீதிமன்றம் இவரைத்தான் நினைவூட்டியது. அறிவிப்பில் சொன்ன தகுதி இல்லாத ஒருவரை நியமித்தால், அது அலுவலகத்துக்கும் அவருக்கும் இடையிலான விவகாரம் மட்டும் அன்று. அறிவிப்பை நம்பி விண்ணப்பிக்காமல் இருந்த எல்லாருக்கும் செய்யும் மோசடி என்று அது கூறியது.

இந்தக் கருத்தை நாம் எளிதில் தள்ளிவிட முடியாது. ரேஷன் கடை வரிசையில் ஒருவர் நடுவில் நுழைந்தால், அவருக்கு எவ்வளவு அவசரம் இருந்தாலும், பின்னால் வெயிலில் நிற்பவருக்கு அது அநியாயமே. விதியைக் கடைப்பிடித்தவரும் ஏழை வீட்டுப் பிள்ளையாக இருக்கலாம். கடைசி நாளுக்கு முன் சான்றிதழ் வாங்க தாலுகா அலுவலகத்துக்கு நான்கு முறை நடந்தவராக இருக்கலாம். அவரை மறந்துவிட்டு நாம் நீதி பேச முடியாது.

ஆயினும் இந்த வாதத்துக்கும் ஓர் எல்லை உண்டு. "18" என்பதற்குப் பதில் "8" என்று எழுதியவரை மன்னித்தால் வரிசையில் யார் இடம் பறிபோகிறது? யாருடையதும் இல்லை. அவர் தம் மதிப்பெண்ணால் பெற்ற இடத்தில்தான் நிற்கிறார். அவரைத் தள்ளினால்தான் வரிசை குலைகிறது. ஆகவே, மன்னிப்பதால் மற்றவர் இழப்பது உண்டா என்று பார்த்தாலே பல நேரங்களில் விடை கிடைத்துவிடும்.

நடுவில் உள்ளவர்கள்

எழுத்துப் பிழைக்கும் தகுதிக் குறைவுக்கும் நடுவில் ஒரு பெருங்கூட்டம் நிற்கிறது. தகுதி இருக்கிறது, ஆனால் அதைக் காட்டும் காகிதம் நேரத்துக்கு வரவில்லை. தமிழ்வழியில் படித்தோருக்கு 20 விழுக்காடு முன்னுரிமை தரும் சட்டம் 2010-இல் வந்து, 2020-இல் திருத்தப்பட்டது. திருத்தத்தின்படி பள்ளிப் படிப்பையும் தமிழ்வழியிலேயே படித்திருக்க வேண்டும். எனவே படித்த ஒவ்வொரு பள்ளியிலும் சான்று வாங்க வேண்டியிருக்கிறது. தொடக்கப் பள்ளி மூடப்பட்டிருந்தால் எங்கே போவது? அதுபோலவே, திருமணமான பெண்ணின் சாதிச் சான்றிதழ் தந்தையின் பெயரில் இருக்க வேண்டும். கணவர் பெயரில் வாங்கியது செல்லாது. இது தெரியாமல் வாய்ப்பை இழந்த பெண்கள் உண்டு.

இவர்களைப் பற்றி நீதிமன்றங்களே ஒரே குரலில் பேசவில்லை. தில்லியில் இதர பிற்படுத்தப்பட்டோர் சான்றிதழைக் கடைசி நாளுக்குப் பிறகு தந்த ஒருவருக்கு 2016-இல் உச்ச நீதிமன்றம் ஆதரவாகத் தீர்ப்பளித்தது. பிறப்பால் வந்த நிலையைச் சான்றிதழ் உருவாக்குவதில்லை, காட்டத்தான் செய்கிறது என்பது அதன் அடிப்படை. ஆனால் 2011-இல் அசாம் தேர்வாணைய வழக்கில், மாற்றுத்திறனாளி அடையாள அட்டையை உரிய காலத்தில் தராத ஒருவருக்கு உயர் நீதிமன்றம் காட்டிய தளர்வை அதே உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. தளர்த்தும் அதிகாரம் விதியில் இருக்க வேண்டும், அது எல்லாருக்கும் தெரியும்படி அறிவிக்கப்பட வேண்டும் என்றது. எனவே, "இன்னாருக்குக் கிடைத்தது, எனக்கும் கிடைக்கும்" என்று நம்பி வழக்கில் இறங்குவது ஆபத்து.

நம் குடும்பங்களைத் தொடும் ஒன்றையும் இங்கே சொல்லியாக வேண்டும். பட்டியல் சாதியிலிருந்து கிறிஸ்தவம் தழுவியோர் தமிழ்நாட்டில் பிற்படுத்தப்பட்டோர் பட்டியலில் வைக்கப்பட்டுள்ளனர். விண்ணப்பத்தில் பட்டியல் சாதி என்று குறித்துவிட்டு, சான்றிதழில் பிற்படுத்தப்பட்டோர் என்றிருந்தால் அது எழுத்துப் பிழையாகக் கருதப்படாது. புதுச்சேரியில் அரசு எழுத்தர் பணிக்காகப் பட்டியல் சாதிச் சான்றிதழ் கேட்ட ஒரு பெண், திருமுழுக்குப் பெற்றுக் கிறிஸ்தவராக வாழ்பவர் என்ற அடிப்படையில் 2024 நவம்பர் 26 அன்று உச்ச நீதிமன்றத்தில் தோற்றார். 1950-ஆம் ஆண்டின் குடியரசுத் தலைவர் ஆணை நியாயமானதா என்பது தனிப் போராட்டம். அதை ஆராய 2022-இல் நீதிபதி கே.ஜி. பாலகிருஷ்ணன் தலைமையில் ஆணையமும் அமைக்கப்பட்டது. ஆனால் அந்தப் போராட்டத்தை ஒரு தனிப்பட்ட விண்ணப்பப் படிவத்தில் நடத்த முடியாது. அதில் இழப்பு அந்தப் பிள்ளைக்குத்தான்.

யாரால் போக முடிகிறது?

இவ்வளவும் நீதிமன்றத்துக்குப் போகிறவர்களின் கதை. போக முடியாதவர்களின் கதை என்ன?

2004 ஜூலை 24 வரை திருச்சிக்காரர் ஒருவர் ரிட் மனு போட வேண்டுமானால் 300 கிலோமீட்டருக்கும் மேல் பயணம் செய்து சென்னைக்குப் போக வேண்டும். அன்று மதுரைக் கிளை திறக்கப்பட்ட பிறகு, ஏறத்தாழ 130 கிலோமீட்டரில், மதுரைக்குச் சற்று முன்னாலேயே ஒத்தக்கடை அருகில் இறங்கிக்கொள்ளலாம். தூரம் குறைந்தது உண்மை. ஆனால் வக்கீல் கட்டணம், லீவு, பயணச் செலவு, காத்திருப்பு எல்லாம் அப்படியே இருக்கின்றன. பீகார் இளைஞருக்கு 2018-இல் மறுக்கப்பட்டது 2024-இல்தான் கிடைத்தது. அவர் கடைசி வரை போராடினார். அதே தேர்வில், அதே போன்ற எழுத்துப் பிழைக்காகத் தள்ளப்பட்டு, வழக்குப் போட வழியில்லாமல் வேறு கூலி வேலைக்குப் போனவர் இருந்திருந்தால், அந்தத் தீர்ப்பு அவருக்கு எதையும் தரவில்லை.

நாம் வலியுறுத்த விரும்புவது இதைத்தான். நீதிமன்றம் ஒருவருக்குத் தரும் நியாயம், அடுத்த அறிவிப்பில் விதியாக மாறி எல்லாருக்கும் போய்ச் சேர வேண்டும். இல்லையேல் அது வழக்குப் போட வசதியுள்ளவருக்கு மட்டும் கிடைக்கும் சலுகையாகிவிடும். தமிழ்நாடு தேர்வாணையம் கடைசி நாளுக்குப் பின் விண்ணப்பத்தைத் திருத்திக்கொள்ளச் சில நாட்கள் தருகிறது. இது நல்ல தொடக்கம். வரிசையில் நிற்கும் எல்லாருக்கும் ஒரே நாளில், ஒரே அளவில் கிடைக்கும் வாய்ப்பு என்பதால் யாருக்கும் இதில் அநியாயம் இல்லை. மற்ற தேர்வு வாரியங்களும் இதைச் செய்ய வேண்டும்.

அடுத்து, நிராகரிப்பு ஆணையில் காரணம் தெளிவாக இருக்க வேண்டும். ஓர் ஆணை அதில் எழுதப்பட்ட காரணத்தால்தான் நிற்க வேண்டும், பின்னால் நீதிமன்றத்தில் புதிய காரணம் சேர்க்கக் கூடாது என்று 1977-இல் மொகிந்தர் சிங் கில் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. "தகுதியில்லை" என்ற ஒரு சொல் காரணமாகாது. மேலும், தேர்வு தொடங்கிய பின் நடுவழியில் விதியை மாற்றக் கூடாது என்று 2024 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு தீர்ப்பளித்துள்ளது. விதி விண்ணப்பதாரரைக் கட்டுப்படுத்துவதுபோல் அரசையும் கட்டுப்படுத்துகிறது என்பதே இதன் பொருள்.

நம்மால் செய்யக்கூடியவை

நிராகரிப்பு வந்துவிட்டால் அழுதுகொண்டு நாட்களைக் கடத்த வேண்டாம். ரிட் மனுவுக்குக் குறித்த காலக்கெடு இல்லைதான். ஆனால் தாமதித்து வருபவரை நீதிமன்றம் விரும்புவதில்லை. பணி நியமனங்கள் முடிந்துவிட்டால், இடம் பெற்றவர்களையும் வழக்கில் சேர்க்க வேண்டிவரும், சிக்கல் கூடும். முதலில் தேர்வாணையத்துக்கு எழுத்து மூலம் முறையிட்டு, அதன் நகலையும் அனுப்பிய சான்றையும் வைத்துக்கொள்ள வேண்டும். காரணம் தெரியாவிட்டால் 2005-ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் கேட்கலாம். ஆனால் அந்தப் பதிலுக்காகவே காத்திருந்து காலத்தை விட்டுவிடக் கூடாது. ரயில்வே போன்ற மத்திய அரசுப் பணி என்றால், முதலில் போக வேண்டிய இடம் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். அங்கே பொதுவாக ஓராண்டுக்குள் மனு போட்டாக வேண்டும். பொன்மலையை நம்பியிருக்கும் குடும்பங்கள் இதை நினைவில் வைப்பது நல்லது.

வக்கீலுக்குப் பணமில்லை என்றால் இலவசச் சட்ட உதவி உண்டு. பெண்களுக்கும், பட்டியல் சாதியினர், பழங்குடியினருக்கும், மாற்றுத்திறனாளிகளுக்கும் வருமானம் பார்க்காமலே அதைத் தர வேண்டும் என்கிறது 1987-ஆம் ஆண்டின் சட்டம். திருச்சி நீதிமன்ற வளாகத்தில் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கிறது. நல்ல வக்கீலிடம் நாம் கேட்க வேண்டிய முதல் கேள்வி, "ஜெயிக்குமா?" என்பதன்று, "இது எழுத்துப் பிழையா, தகுதிக் குறைவா?" என்பதே. தகுதிக் குறைவு என்று அவர் நேர்மையாகச் சொன்னால், அந்தப் பணத்தை அடுத்த தேர்வுக்குச் செலவிடலாம்.

எல்லாவற்றுக்கும் மேலாக, பிழை பிறக்கும் இடம் பெரும்பாலும் ப்ரவுசிங் சென்டரின் அவசரம்தான். பின்னால் ஐந்து பேர் நிற்க, யாரோ தட்டச்சு செய்ய, பிள்ளை தலையாட்டிவிட்டு வந்துவிடுகிறது. நம் பங்குகளில் இளைஞர் குழுக்கள் இருக்கின்றன. ஓய்வு பெற்ற ஆசிரியர்களும் அரசு ஊழியர்களும் இருக்கிறார்கள். ஒவ்வொரு தேர்வு அறிவிப்பின்போதும் கடைசி நாளுக்கு ஒரு வாரம் முன்பு, ஒரு மாலை வேளையை இதற்கென ஒதுக்கினால் போதும். பிள்ளைகள் விண்ணப்ப அச்சுப்படியையும் சான்றிதழ்களையும் கொண்டு வரட்டும். பெரியவர் ஒருவர் எதிரில் உட்கார்ந்து பெயர், பிறந்த தேதி, சாதிப் பிரிவு, சான்றிதழ் எண் என்று ஒவ்வொன்றாக வாய்விட்டுப் படிக்கட்டும். மதம், சாதி பாராமல் பாலக்கரையின் எல்லாப் பிள்ளைகளுக்கும் அந்தக் கதவு திறந்திருக்கட்டும். ஒரு "1" விடுபட்டதை ஒத்தக்கடையில் கண்டுபிடிப்பதைவிட, நம் தெருவிலேயே கண்டுபிடித்துவிடலாம்.